கிளிப்புக்கு அடியில் ஒரு புள்ளி

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். அடுத்தவர் சொல்லித் தெரிந்துகொள்வதை விட நானே சொல்லிவிடுகிறேன். அந்த வியாழக்கிழமையும் கோபத்தில்தான் தொடங்கியது. இருபது வருடமாக எனக்குப் பக்கத்து மேசையில் இருக்கிறவர், ஒரு முழு டம்ளர் டீயை என்னுடைய ‘முடிந்தவை’ தட்டில் கொட்டிவிட்டார்.

“கண்ணை எங்க வெச்சுக்கிட்டு டீ குடிக்கிறீங்க?” என்றேன்.

“கை தவறிடுச்சு. வேணும்னா கொட்டுவாங்க?”

“முத்திரை போட்ட தாளு. நாளைக்கு யாராவது கேட்டா நீங்களா வந்து பதில் சொல்லுவீங்க?”

“நீங்க பாஸ் பண்ணின தாளை யாரு கேக்கப் போறாங்க?” என்று அவர் கைக்குட்டையால் மேசையைத் துடைத்தார். அது பாராட்டுத்தான். குறி அலுவலகத்தின் மூன்றாம் மாடியில் நாற்பது ஆய்வாளர்கள் இருக்கிறோம். காலை டீ வருவதற்குள் அறுபது தாள் பார்த்து முடிப்பவள் நான் ஒருத்திதான். இருபத்திரண்டு வருடத்தில் என் முத்திரையோடு போன ஒரு தாள்கூடத் தவறென்று திரும்பி வந்ததில்லை.

எங்கள் ஊரில் ஒவ்வொரு வாசல் கதவிலும் ஏழு குறிகளுக்கு இடம் உண்டு. குழந்தை பிறந்த ஒன்பதாம் நாள் குறி எழுதுகிறவர் ஏணியோடு வந்து எழுதுவார். வளையம் போல ஒரு கோடு, அடியில் கட்டைவிரல் அகலத்துக்கு ஓர் இடைவெளி. வளையத்துக்குள்ளே சின்னச் சின்னக் கோடுகள். ஆணா பெண்ணா, பிறந்த வருடம், எத்தனையாவது பிள்ளை, வலது கையா இடது கையா, பின்னால் என்ன தொழில் என்றெல்லாம் அதில் சேர்ந்துகொண்டே வரும். ஆள் போய்விட்டால் அடியிலிருக்கும் இடைவெளியைச் சேர்த்து மூடிவிடுவார்கள். பத்து நாள் கழித்து அதைச் சுரண்டி எடுத்தால் கதவில் ஓர் இடம் காலி.

மூடுவதற்கு முன்னால் வீட்டார் குறியைத் தாளில் படியெடுத்து, மூடும் கோட்டையும் வரைந்து எங்களுக்கு அனுப்ப வேண்டும். கோட்டின் இரண்டு முனையும் ஒன்றின் மேல் ஒன்று ஏறாமல் சரியாகச் சேர்ந்திருக்கிறதா என்று பார்ப்பது எங்கள் வேலை. மயிரிழை விட்டுப்போனாலும் அந்த ஆள் போகவில்லை என்றுதான் அர்த்தம். நாங்கள் முத்திரை போட்ட பிறகுதான் குறி எழுதுகிறவர் கதவில் கை வைப்பார்.

தாளை எப்போதும் தலைகீழாக வைத்துத்தான் பார்ப்போம். குறிப் பள்ளியில் முதல் நாள் பாடம் அதுதான். நேராக வைத்தால் கண் படிக்கத் தொடங்கிவிடும். மூன்றாவது பிள்ளை, இடது கைக்காரர், தச்சர் என்று ஓர் ஆள் தாளிலிருந்து எழுந்து வந்து எதிரில் உட்கார்ந்துகொள்வார். அப்புறம் வேலை ஓடாது. தலைகீழாக அட்டையில் செருகி, மேலே கிளிப்பைப் போட்டுவிட்டால் அது வெறும் கோடு. வெறும் கோட்டை எத்தனை வேண்டுமானாலும் பார்க்கலாம்.

டீயில் நனைந்த தாள்களை உதறி, ஜன்னல் கம்பியில் கயிறு கட்டி ஒவ்வொன்றாகத் தொங்கவிட்டேன். கையில் வந்தபடி தொங்கவிட்டதில் ஐந்தாறு தாள் நேராகத் தொங்கின. திரும்பி நாற்காலியில் உட்காரும்போது அதில் ஒன்று கண்ணில் பட்டது. கண் தன் பாட்டுக்குப் படித்துவிட்டது. நான்காவது பிள்ளை. இடது கை. தொழில், சுவர் பூசுகிறவர். நடுவில் கரண்டி போல ஒரு வளைவு. வளையத்தின் தோள்பட்டையில் ஒரு சிறிய கொக்கி. ஏணியிலிருந்து விழுந்து பிழைத்தவருக்குத்தான் அந்தக் கொக்கி போடுவார்கள்.

அந்தக் குறியை நான் தினமும் பார்க்கிறேன். சாவியைப் போட்டுக் கதவைத் திறக்கும்போது, நிமிர்ந்தால் முதலில் கண்ணில் படுவது அதுதான். அது என் மாமனாரின் குறி.

அடியில் இடைவெளி மூடியிருந்தது. ஓரத்தில் என் முத்திரை. திங்கட்கிழமைத் தேதி. அதற்குக் கீழே, எழுதும் நேரம் வியாழன், காலை பதினொரு மணி என்று இருந்தது. சுவர்க் கடிகாரத்தில் பன்னிரண்டே கால்.

காலையில் கிளம்பும்போது அவர் கொல்லையில் பல் தேய்த்துக்கொண்டிருந்தார். “குடை எடுத்துக்கோம்மா” என்றார். வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டு வந்தேன். செத்துப்போனவர் குடை எடுத்துக்கொள்ளச் சொல்ல மாட்டார் என்றுதான் முதலில் தோன்றியது. அப்புறம் தாளின் அடி ஓரத்தில், நெல் அளவுக்கு ஒரு கறுப்புப் புள்ளியைப் பார்த்தேன். அப்படி ஒரு புள்ளியை என் மேசையில் நான் பார்த்ததே இல்லை.

“இது என்ன புள்ளி?” என்று பக்கத்து மேசைக்காரரைக் கேட்டேன்.

அவர் கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தார். “பேனா சிந்தியிருக்கும். ஏன், மூஞ்சி பேயறைஞ்ச மாதிரி இருக்கு?”

ஈரத் தாளைக் கயிற்றிலிருந்து உருவிக்கொண்டு மேலாளர் அறைக்குப் போனேன். அவர் கூட்டத்தில் இருந்தார். வெளியே பெஞ்சில் உட்காரச் சொன்னார்கள். உட்கார்ந்தேன். இருபத்திரண்டு வருடப் பழக்கம். உட்காரச் சொன்னால் உட்கார்ந்துவிடுகிறேன்.

அங்கே உட்கார்ந்திருந்தபோதுதான் போன வியாழக்கிழமை இரவுச் சாப்பாடு ஞாபகத்துக்கு வந்தது. எங்கள் கதவில் ஏழு பேர். மாமனார், மாமியார், என் கணவர், நான், என் மகள், கொழுந்தன், போன வருடம் அவனைக் கட்டிக்கொண்டு வந்த என் ஓரகத்தி. அவளுக்கு இப்போது மாதம் நிறைந்துவிட்டது. எட்டாவது ஆளுக்குக் கதவில் இடம் இல்லை. புதுக் கதவுக்கு எழுதிப் போட்டிருக்கிறார்கள். ஒன்பது வருடம் ஆகும். அதுவரை குழந்தையை, இடம் காலியாக இருக்கிற வேறு யார் கதவிலாவது எழுத வேண்டும். எந்தக் கதவில் எழுதுகிறார்களோ அந்த வீட்டில்தான் குழந்தை வளரும்.

அன்று ஓரகத்தி அழுதுகொண்டே, “அக்கா, நீங்க ஆபீஸ்ல சொல்லி ஏதாவது பண்ண முடியாதா?” என்று நாலாவது தடவையாகக் கேட்டாள். நான் அன்று எழுபத்தெட்டு தாள் பார்த்துவிட்டு வந்திருந்தேன். “நான் என்ன பண்றது? யாராவது போனாத்தானே இடம் வரும்?” என்றேன். வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டேன். எல்லோர் கையும் தட்டிலேயே நின்றது. மாமனார் மட்டும் ரொட்டியைப் பிட்டுக்கொண்டே, “அதுவும் சரிதான்” என்றார்.

அதுவும் சரிதான் என்றார். நான் அதைக் காதில் வாங்கவே இல்லை.

இரண்டரை மணிக்கு மேலாளர் வந்தார். நல்ல மனிதர், யாரையும் அதட்டிப் பேச மாட்டார். தாளை வாங்கி மேசையில் விரித்தார்.

“புள்ளிக்கு என்ன அர்த்தம்?” என்று கேட்டேன்.

“ஸ்கூல்ல படிச்சிருப்பீங்களே. உயிரோட இருக்கறவங்க தானாக் கேட்டு மூடிக்கிறது.”

படித்திருக்கிறேன். பரீட்சையில் இரண்டு மதிப்பெண் கேள்வி. தானாக மூடிக்கொண்டவரை யாரும் பார்க்கக் கூடாது, யாரும் பேசக் கூடாது. அன்று மாலை ஐந்தரை மணி பஸ்ஸில் பாலத்துக்கு அந்தப் பக்கம் போய்விட வேண்டும். அவரோடு வீட்டார் யாராவது பேசினால் கதவு முழுக்க வெள்ளையடித்து, மிச்சம் இருக்கிற ஆறு குறியும் அழிந்துபோகும். எல்லாம் மனப்பாடம். ஆனால் அது யாரும் கையில் எடுக்காத பழைய விதி என்றுதான் நினைத்திருந்தேன்.

“இருபத்திரண்டு வருஷமா ஒரு புள்ளிகூட நான் பாத்ததில்லையே.”

“பாத்திருக்க மாட்டீங்க. தாளைத் தலைகீழா வெச்சா அடிப்பக்கம் மேல வந்துடும் இல்லையா? புள்ளி கிளிப்புக்கு அடியில போயிடும்.”

கிளிப் போடும் இடத்தை மாற்றுவதைப் பற்றிச் சொல்வது போல அவ்வளவு சாதாரணமாகச் சொன்னார்.

“உங்களுக்குத் தெரியுமா இது?”

“தெரியாம என்ன. உங்ககிட்ட எங்களுக்கு வேண்டியது கோடு சேந்திருக்கா இல்லையாங்கறது மட்டும்தான். அதை உங்களை மாதிரி யாரும் பாக்க முடியாது.”

“இது என் மாமனாரு. இதை நிறுத்தணும்.”

அவர் முகத்தில் நிஜமாகவே வருத்தம் தெரிந்தது. “கோட்டுல குறை இருந்தா நிறுத்தலாம். பெயிண்ட் காயறதுக்குள்ள ஆய்வாளர் பாத்துச் சொன்னாப் போதும். குறை இருக்கா, நீங்களே பாருங்க” என்று பூதக்கண்ணாடியை என் பக்கம் தள்ளினார்.

பார்த்தேன். ஒரு தடவை நேராக, ஒரு தடவை தலைகீழாக. அந்தக் கோட்டை மாமாவே வரைந்திருந்தார். வேறு யாருக்கு அந்தக் கை வரும்? நாற்பது வருடம் சுவரை மட்டம் பார்த்துப் பூசிய கை. முனையோடு முனை சேர்ந்த இடமே தெரியவில்லை. என் வாழ்நாளில் நான் முத்திரை போட்டதிலேயே அவ்வளவு சுத்தமான கோடு அதுதான். திங்கட்கிழமை அந்தத் தாளுக்காக நான் மனதுக்குள் சபாஷ் போட்டது ஞாபகம் வந்தது. யாரோ வேலை தெரிந்த ஆள் என்று நினைத்தேன். பாவி.

மாடிப்படியில் ஒட்டடைக்குச்சி எதிரே ஏறி வந்தான். குறி எழுதுகிறவன், ஆள் நல்ல உயரம், உடம்பில் சதை கிடையாது, அதனால் அந்தப் பெயர். தோளில் ஏணி, கையில் கறுப்பு பெயிண்ட் டப்பா.

“எங்க வீட்டுக்குப் போனியா?” என்று கேட்டேன்.

“உங்க வீடாக்கா அது? எனக்குத் தெருவும் நம்பரும்தானே குடுக்கறாங்க.” அவனுக்கும் முகம் செத்துவிட்டது. “ஒரு பெரியவர்தான் டப்பாவைப் புடிச்சுக்கிட்டு நின்னாரு. ஏணி ஆடுது, பாத்து நில்லுன்னாரு. ஓரத்துல சொட்டு விழுந்ததைத் துணி வெச்சுத் தொடச்சுவிட்டாரு. கடைசிக் கோடு போடறப்போ, கையைத் தூக்காம ஒரே இழுப்பா இழுன்னு சொல்லிக்குடுத்தாரு. யாருக்கு மூடறோம்னு கேக்கக் கூடாதுல்ல, நான் கேக்கலை. நல்ல மனுஷன்னு மட்டும் நெனச்சேன்.”

“எப்பக் காயும்?”

“வெயில் இல்லையே. அஞ்சு மணி ஆயிடும்.”

நான் அவனைத் தள்ளிக்கொண்டு இறங்கினேன்.

இரண்டு பஸ் மாற வேண்டும். முதல் பஸ் வரத் தாமதமானது. இரண்டாவது பஸ்ஸில் நின்றுகொண்டே போனேன். எங்கள் தெருமுனையில் தினமும் மாலையில் ஐந்தரை மணி பஸ்ஸைப் பார்த்திருக்கிறேன். பின் சீட்டில் இரண்டு மூன்று பேர் மடியில் பையோடு உட்கார்ந்திருப்பார்கள். யாருமே ஜன்னல் வழியாக வெளியே பார்க்க மாட்டார்கள். வேலை விட்டுப் போகிறவர்கள், களைப்பு என்று நினைத்துக்கொள்வேன். ஒரு நாளாவது யார் என்று கேட்டேனா? கேட்கவில்லை. மூன்றாவது வீட்டுப் பாட்டனார், மருந்துக் கடைக்காரரின் பெரியம்மா, எல்லோரும் போய்விட்டார்கள் என்று சொன்னார்கள். போய்விட்டார்கள் என்றால் என்ன என்று யாரும் கேட்கவில்லை. செத்தவருக்கும் பஸ் ஏறினவருக்கும் எங்கள் ஊரில் ஒரே வார்த்தைதான்.

நாலு மணிக்கு வீட்டு வாசலில் நின்றேன். நீலக் கதவு. மேல் வரிசையில் முதல் குறி மூடியிருந்தது. கறுப்பு பெயிண்ட் இன்னும் பளபளத்தது. கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன்.

மாமா கூடத்துப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். வெளியூர் போகும்போது போடுகிற சாம்பல் நிறச் சட்டை. பக்கத்தில் துணிப் பை. பையின் வாயில் அவருடைய பூச்சுக் கரண்டியின் பிடி தெரிந்தது. எதிரில், சாப்பாட்டு மேசையில், ஒன்பது வயது என் மகள் கணக்கு எழுதிக்கொண்டிருந்தாள். சமையலறைக் கதவுக்குப் பின்னால் ஓரகத்தி மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. மாமியார் கூடத்தைப் பெருக்கிக்கொண்டிருந்தார்.

பெருக்கிக்கொண்டே பெஞ்சுக்கு வந்தார். மாமா வழக்கம்போல் இரண்டு காலையும் தூக்கிக்கொண்டார். மாமியார் வழக்கம்போல் அவர் காலுக்கு அடியில் பெருக்கினார். நாற்பத்தோரு வருடமாக அந்த வீட்டில் தினமும் நடக்கிற காரியம். அன்று மட்டும் மாமியார், “பெஞ்சை விட்டு எந்திரிக்கவே மாட்டீங்களா?” என்று கேட்கவில்லை. காலியான பெஞ்சைச் சுற்றிப் பெருக்குவது போலப் பெருக்கிவிட்டுப் போனார். மாமா காலைக் கீழே வைத்தார்.

“அங்க என்ன பாக்கறே?” என்றேன் மகளிடம். அவள் பார்வை நோட்டுப் புத்தகத்திலும் இல்லை, தாத்தாவிடமும் இல்லை. அவர் தலைக்கு மேலே சுவரில் இருந்தது.

“ஒண்ணும் இல்லம்மா. பெஞ்சுல யாரும் இல்ல” என்றாள் பாடம் ஒப்பிக்கிற குரலில். அவளுக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டியதில்லை. பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்பிலேயே இதெல்லாம் சொல்லித்தருகிறார்கள்.

நான் மாமாவைக் கூப்பிட வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை. அதைவிடக் கொடுமை, என் கண்ணும் அவர் முகத்தில் நிற்கவில்லை. வழுக்கிக்கொண்டு மேலே, சுவருக்குப் போனது. நானாகச் செய்யவில்லை. அதுவே போனது. அந்தச் சுவரையும் அவர்தான் பூசினார். ஒரு மேடு பள்ளம் இல்லாத சுவர். அதைப் பார்த்துக்கொண்டு, கையில் பையோடு, என் வீட்டுக் கூடத்தில் மரம் மாதிரி நின்றேன். என்னை நினைத்தே எனக்குப் பயமாக இருந்தது.

ஓரக்கண்ணில் மாமா லேசாகச் சிரித்தது தெரிந்தது. கோபித்துக்கொள்ளாதே என்பது போல. அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, அதைக் கழற்றிப் பெஞ்சின் ஓரத்தில் வைத்தார். கடிகாரத்தை யாருக்காக வைக்கிறார் என்று எனக்குத் தெரியும். பிறக்கப் போகிறதுக்கு. நான் அழுதுவிட்டேன்.

அழுகை வந்ததும் கூடவே கோபமும் வந்தது. நல்ல வேளை. எனக்குக் கோபம் வந்தால்தான் கை ஓடும்.

வாசலுக்குப் போனேன். முக்காலியை இழுத்துப் போட்டு ஏறி, பையிலிருந்த பூதக்கண்ணாடியை எடுத்து மூடின கோட்டைப் பார்த்தேன். மேலே காய்ந்து தோல் கட்டியிருந்தது. அடியில், பெயிண்ட் வழிந்து தடித்திருந்த இடம் மட்டும் ஈரம். ஈரம் பார்க்க ஆய்வாளருக்கு உரிமை உண்டு. சுண்டுவிரல் நுனியால், ஓரத்தில், தொட்டும் தொடாமலும் பார்க்க வேண்டும். நான் கட்டைவிரலை முழுசாக வைத்து அழுத்தி ஓர் இழுப்பு இழுத்தேன். கறுப்பு வழித்துக்கொண்டு வந்தது. அடியிலிருந்த நீல மரம் தெரிந்தது. இடைவெளி சரியாகக் கட்டைவிரல் அகலம் இருந்தது.

பின்னால் குரல் கேட்டது.

“கெடுத்துட்டியேம்மா. எவ்வளவு சுத்தமா சேந்திருந்துச்சு.”

மாமா வாசல்நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். வருத்தம் முகத்தில் அப்படியே தெரிந்தது. தன்னை யாரும் பார்க்காமல் விட்டதற்கு வருத்தப்படாத மனிதர், கோடு கெட்டதற்கு வருத்தப்பட்டார்.

நான் முக்காலியிலிருந்து இறங்கி அவர் முகத்தை நேராகப் பார்த்தேன். “கோடு சேரலை மாமா” என்றேன். “ஆய்வாளர் நான் சொல்றேன். சேரலை. உள்ள வாங்க.”

உள்ளே துடைப்பம் விழுந்த சத்தம் கேட்டது. மாமியார் ஓடி வந்தார். கதவைப் பார்த்தார், என் விரலைப் பார்த்தார், கடைசியில் அவரைப் பார்த்தார்.

“அஞ்சு மணி நேரம்” என்றார். “அஞ்சு மணி நேரமா ஒரு வார்த்தை பேசாம இருந்தேன். வெளிய நின்னு டப்பாவைப் புடிச்சுக்கிட்டு, அந்தப் பையனுக்கு வேலை வேற சொல்லிக்குடுக்கறீங்க. எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களா? கட்டிக்கிட்டு வர்றப்போ கேட்டீங்க இல்ல? போறப்போ மட்டும் கேக்க வேண்டாமா?”

“கேட்டா விட்டிருக்க மாட்டே.”

“விட்டிருக்க மாட்டேன்தான். அப்புறம் என்ன?” என்று சொல்லிவிட்டு, அவர் சட்டையின் நெஞ்சுப் பக்கத்தைக் கையால் பிடித்துக்கொண்டு நின்றார். கசங்கும் என்றுகூடப் பார்க்கவில்லை. ஐந்தரை மணி பஸ் தெருமுனையில் நின்று ஹாரன் அடித்துவிட்டுப் போகும்வரை அந்தச் சட்டையை விடவில்லை. என் மகள் மேசையிலிருந்து இறங்கி வந்து தாத்தாவின் இடது கையைப் பிடித்துக்கொண்டாள். “பெஞ்சுல நீங்க இருந்தீங்க. எனக்குத் தெரியும்” என்றாள்.

இரவு சாப்பிடும்போது ஓரகத்தி, “எல்லாம் என்னாலதான் அக்கா” என்று ஆரம்பித்தாள்.

“உன்னால இல்ல. என் வாயால. பேசாம சாப்பிடு.”

“அப்ப குழந்தை?” என்றான் கொழுந்தன். என் கணவர் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மாமா தொண்டையைக் கனைத்தார். “நான் திரும்ப ஒரு தாள் எழுதிக் குடுக்கறேன். இன்னும் நாள் இருக்கு.”

“குடுங்க” என்றேன். “பத்துத் தாள்கூட எழுதிக் குடுங்க. எங்க மாடிக்குத்தானே வரும்? சேரலைன்னு எழுதித் திருப்பி அனுப்பிக்கிட்டே இருக்கேன். குழந்தை முதல்ல பொறக்கட்டும். எவன் வந்து எந்தக் கதவுக்குத் தூக்கிட்டுப் போறான்னு பாக்கறேன்.” வீரமாகத்தான் சொன்னேன். எப்படி என்று எனக்குத் தெரியாது. இன்றைக்கும் தெரியாது.

தூக்கம் வரவில்லை. கட்டைவிரலைச் சோப்புப் போட்டுத் தேய்த்தேன், மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்தேன். குறி எழுதுகிற பெயிண்ட் அவ்வளவு சுலபத்தில் போகாது. அது போகக் கூடாது என்றுதானே அப்படிக் காய்ச்சுகிறார்கள்.

மறுநாள் காலையில் எட்டு மணிக்கே அலுவலகத்துக்குப் போய்விட்டேன். மாடியில் நான் மட்டும்தான். முதல் நாள் காலையில், டீ கொட்டுவதற்கு முன்னால், நான் அறுபத்திரண்டு தாளுக்கு முத்திரை போட்டிருந்தேன். அவசரப் பிரிவு. எல்லாம் மறுநாளே, அதாவது இந்த வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்குள், எழுத வேண்டியவை. கயிற்றில் காய்ந்ததும் பக்கத்து மேசைக்காரர் எடுத்துக் கிளிப்புப் போட்டிருக்க வேண்டும், தட்டில் கட்டாக இருந்தன. கட்டைப் பிரித்து, கிளிப்பை எடுத்துவிட்டு, முதல் தாளை நேராகத் திருப்பி வைத்தேன்.

புள்ளி இல்லை. எண்பது தாண்டிய ஒரு கிழவர், மீன் பிடிக்கிறவர். நிம்மதியாக மூச்சு விட்டேன்.

இரண்டாவதில் புள்ளி இல்லை. மூன்றாவதில் இருந்தது. தையல்காரி, இரண்டாவது பிள்ளை, வலது கை. ஏழாவதில் இருந்தது. எட்டாவதிலும். எட்டாவதின் வளையத்துக்குள் தொழிலுக்கான கோடே இன்னும் போடவில்லை. வேலைக்குப் போகிற வயதுகூட ஆகாத பெண். அவள் வீட்டில் சாப்பாட்டு மேசையில் யார் என்ன சொன்னார்களோ.

அறுபத்திரண்டில் பதினொன்றில் புள்ளி இருந்தது. பதினொன்றிலும் கோடு சுத்தமாகச் சேர்ந்திருந்தது. பதினொன்றிலும் என் முத்திரை. ஒரு நாளைக்குப் பதினொன்று என்றால் இருபத்திரண்டு வருடத்துக்கு எத்தனை என்று மனது கணக்குப் போடத் தொடங்கியது. நான் அதைப் போட விடவில்லை. போட்டிருந்தால் அந்த இடத்திலேயே உட்கார்ந்திருப்பேன்.

பக்கத்து மேசைக்காரர் டீயோடு வந்தார். “என்ன, காலங்காத்தால தாளை எல்லாம் நேரா வெச்சிருக்கீங்க?”

“உங்க தட்டையும் இங்க தள்ளுங்க.”

“எதுக்கு?”

நான் எட்டாவது தாளை அவர் முன்னால் வைத்து, அடியில் இருந்த புள்ளியைத் தொட்டுக் காட்டினேன். சொல்ல வேண்டியதைச் சொன்னேன். அவர் டம்ளரை மேசையில் வைத்தார். இந்த முறை சிந்தவில்லை. தன் தட்டிலிருந்து மேல் தாளை எடுத்தார். கிளிப்பைக் கழற்றினார். பிறகு தாளைத் திருப்பி நேராக வைத்தார். அதைத் தனியாக வைத்துவிட்டு அடுத்த தாளை எடுத்தார்.

மணி எட்டே முக்கால். தெருவும் நம்பரும் நேற்றே குறி எழுதுகிறவர்கள் கைக்குப் போயிருக்கும், இங்கே உட்கார்ந்து நிறுத்த முடியாது. பதினொரு தாளின் அடி ஓரத்திலும் கிளிப்பு மறைத்திருந்த தெருப் பெயரை ஒரு காகிதத்தில் எழுதிக்கொண்டேன். எங்கே முதலில் எழுதப் போகிறார்களோ அங்கே முதலில் போக வேண்டும். செருப்பை மாட்டிக்கொண்டு, கறுப்பு போகாத கட்டைவிரலோடு படியிறங்கினேன்.